மூன்று தரம் கூப்பிட வேண்டும்

இதை எனக்கு முதலில் சொன்னது பட்டாளத்தில் இருக்கிற என் நடுவுள்ள மகன் கிதியோன்தான். போன ஜூலை மாதம், நம் சபையில் அசன விருந்து நடந்த மறுநாள் காலையில். பல்லுக்குக் கிராம்பு இருக்கா என்று கேட்டு அடுக்களைக்குள் வந்தவன், கிராம்பை வாயில் அடக்கிக்கொண்டு, நான் மீன் கழுவி முடிக்கிற வரைக்கும் நின்றபடியே சொன்னான். ரூபி அக்கா, உங்கள் மகன் டேனிக்கும் இவன் காவல் நின்ற அந்த வடக்குக் காட்டுப் பக்கம்தான் உத்தரவு வந்திருக்கிறது என்று சொன்னீர்கள், அதனால் எழுதுகிறேன். அவன் சொன்னதை 'நான்' என்றே எழுதுகிறேன், அவன் இடத்தில் நானே நின்று பார்த்தால்தான் எனக்கும் விளங்குகிறது. பகல் பன்னிரண்டு மணியிலிருந்து இரண்டு மணி வரைக்கும் உள்ள ஒரு காவல், அவ்வளவுதான்.

பன்னிரண்டு அடித்து ஐந்து நிமிஷம், பல் ஆரம்பித்துவிட்டது, மேல் வரிசையில் இடது கடைவாய்ப் பல், நெஞ்சு அடிக்கிற கணக்குக்கு அதுவும் அடிக்கிறது, துடிப்பு ஒன்று வலி ஒன்று. மணல் மூட்டை அடுக்கின இந்தக் கூட்டுக்கு மோர்ச்சா என்று பெயர், இதற்குள் நிற்கிறவனுக்கு உலகம் என்பது ஒரு முழ நீள ஓட்டை, ஓட்டைக்கு வெளியே கம்பி வேலி, வேலியில் கட்டித் தொங்கவிட்ட காலிப் பாட்டில்கள், யாராவது கம்பியைத் தொட்டால் கிணுகிணு என்று காட்டிக்கொடுக்கும், காற்று தொட்டாலும் காட்டிக்கொடுக்கும், அதனால் ஒன்றரை வருஷமாக எனக்குக் காற்றும் பகையாளிதான். வேலிக்கு அப்பால் எல்லாவற்றையும் வெட்டி மொட்டையடித்துவிட்டோம், புதர், மூங்கில், கொய்யாக் கன்றுகூட மிச்சமில்லை, மறைந்து வருகிறவனுக்கு மறைவு இருக்கக் கூடாதல்லவா, ஒரே ஒரு இலுப்பை மரத்தை மட்டும் விட்டிருக்கிறோம், அது ஏன் என்று யாருக்கும் தெரியாது, ரம்பம் அன்றைக்கு உடைந்துபோனது, அவ்வளவுதான் காரணம். மரத்தையும் தாண்டி வட்டமாகச் சுண்ணாம்பு அடித்த கற்கள். கல்லுக்கு அந்தப் பக்கம் காடு, அதற்குள் ஆயுதம் தூக்கினவர்கள். கல்லுக்கு இந்தப் பக்கம் நாங்கள் முப்பத்திரண்டு பேர், பத்து நாளுக்கு முன்னே வரைக்கும் முப்பத்து மூன்று. இலுப்பைப் பூ உதிர்கிற மாதம் இது, தரையெல்லாம் வெளுப்பாகச் சதைச்சதையாகக் கிடக்கிறது, வெயில் ஏற ஏற அந்த வாடை, பதநீர் புளித்த பானையில் தலையை விட்டது மாதிரி, தொண்டையில் ஒட்டுகிறது, சோற்றில் ஒட்டுகிறது, தூங்கி எழுந்தால் தலையணையில் இருக்கிறது. வாந்தி வருகிற மாதிரியும் இருக்கிறது, கொஞ்சம் தின்று பார்க்கலாமா என்றும் இருக்கிறது. நாக்கால் பல்லைத் தொடாதே. தொட்டுவிட்டேன்.

ஹவில்தார் துர்க்கா சிங் காலையில் வரிசையில் நிற்கவைத்துத் திரும்பச் சொன்னார், தினமும் சொல்கிறார், அந்த முப்பத்து மூன்றாவது ஆள் பிரமோத் செத்த நாளிலிருந்து. கல்லுக்கு உள்ளே ஆள் வந்தால் மூன்று தரம் கூப்பிட வேண்டும். பதில் வந்தால் விசாரி. மூன்றாவது தரத்துக்கும் பதில் இல்லை என்றால் சுடு. சுடுவது நீ இல்லை, உத்தரவு. அதைச் சொல்லும்போது என்னைத்தான் பார்க்கிறார், என் முகத்தில் என்ன இருக்கிறதோ. கூப்பிடுகிற வாசகம் என்ன தெரியுமா, "தம்! கோன் ஆத்தா ஹை!" நில், யார் வருவது என்று அர்த்தம். பயிற்சியில் முதல் நாள் இதைச் சொல்லச் சொன்னபோது நான் சிரித்துவிட்டேன். எங்களுக்குத் தம் என்றால் சிகரெட், ஆத்தா என்றால் பெற்றவள், மைதானத்தில் முந்நூறு பேர் நரம்பு புடைக்கச் சிகரெட்டையும் ஆத்தாவையும் கூப்பிட்டால் நான் என்ன செய்வேன். தவளை மாதிரி குத்தவைத்து மைதானத்தைச் சுற்றிக் குதிக்கவிட்டார்கள், மூன்று சுற்று, அப்புறம் இரண்டு நாள் கக்கூசில் உட்கார முடியவில்லை. அன்றைக்குப் பிடித்த பயம் ஒன்று இன்னும் போகவில்லை, நிஜமாகவே ஒருத்தன் வந்து நிற்கும்போது எனக்குச் சிரிப்பு வந்துவிட்டால்? சிரித்துக்கொண்டே செத்தான் என்று எழுதுவார்களா? இல்லை, சிரித்துக்கொண்டே கொன்றான் என்றா? எது மோசம், ஆண்டவரே, எது மோசம்.

கீழே மூட்டையில் சாய்ந்து உட்கார்ந்து பிஸ்வால் ரொட்டி தின்கிறான். இந்த மோர்ச்சாவில் எனக்குத் துணை இவன்தான், ஒரிசாக்காரன், அவன் இந்தியும் என் இந்தியும் இரண்டும் நொண்டி, ஒன்றின் தோளில் ஒன்று கைபோட்டு நடக்கும். "அன்னா," என்கிறான், இங்கே எல்லோரும் என்னை அப்படித்தான் கூப்பிடுகிறார்கள், மரியாதைக்கு இல்லை, தெற்கத்தியான் என்கிற கேலிக்கு, "அன்னா, பல் வலிக்கு இலுப்பைச் சாராயம் ஊற்றினால் பல்லே மறந்துபோகும்." "உன் பல்லில் ஊற்று." "என் பல்லுக்கு ஏன், அது நல்ல பிள்ளை." லீவு கேட்டேன் மூன்று வாரத்துக்கு முன்னே, பல்லுக்கு யாராவது லீவு கேட்பார்களா என்று துர்க்கா சிங் கூடாரம் முழுக்கக் கேட்கிற மாதிரிச் சிரித்தார், "காலை இழந்தவனே கம்பெனியில் இருக்கிறான், இவனுக்குப் பல்லாம்." ரேஷன் ஹெலிகாப்டரில் வருகிற மருத்துவப் பெட்டியில் மலேரியா மாத்திரை வரும், காய்ச்சல் மாத்திரை வரும், கிராம்பு வராது. உருளைக்கிழங்கு, பருப்பு, உருளைக்கிழங்கு. முட்டை வந்த அன்றைக்கு ஆளுக்கு ஒன்று என்று எண்ணிக் கொடுத்தார்கள், எனக்குக் கொடுத்தது அழுகல், மாற்றிக் கேட்டதற்கு "கோழிகிட்டே போய்ச் சொல்" என்றான் சமையல்காரன். பூட்ஸைத் தட்டாமல் போடக் கூடாது, தேள். சிக்னல் கிடைக்கிறது தண்ணீர்த் தொட்டி மேலே ஓர் ஓரத்தில், ஒற்றைக் காலில் நின்றால். அம்மா கேட்பாள், சாப்பிட்டியாலே, நான் சொல்வேன், சாப்பிட்டேம்மா, எல்லாரும் நல்லாப் பாத்துக்கிடுதாவ. ஜெபம் பண்ணினியாலே. பண்ணினேம்மா. ஒரு காலில் நின்றுகொண்டு எத்தனை பொய்.

வியர்வை கண்ணுக்குள் இறங்குகிறது. இடுப்பில் தண்ணீர் பாட்டில் இருக்கிறது, ஒரு மடக்குக் குடித்தேன், பல் கூசி உச்சந்தலை வரைக்கும் போனது. தண்ணீரைப் பற்றிச் சொல்ல வேண்டும். இந்தச் சுற்று வட்டாரத்துக்கே ஓர் அடிபம்புதான், கிராமத்துக்காரர்கள் பள்ளிக்கூடத்துக்குப் பக்கத்தில் போட்டிருந்தது, பள்ளிக்கூடத்தை நாங்கள் எடுத்துக்கொண்டபோது பம்பும் கம்பிக்குள் வந்துவிட்டது. தினமும் காலையில் ஒரு மணி நேரம் பெண்களை உள்ளே விடுவோம், குடத்துக்குள் கையை விட்டுப் பார்த்துத்தான் விடுவோம், அவர்கள் அந்தக் கையையே பார்த்துக்கொண்டு நிற்பார்கள், கை வெளியே வந்ததும் குடத்தை மூன்று தரம் கழுவிவிட்டுத்தான் பிடிப்பார்கள். பிரமோத் செத்த பிறகு அதுவும் நின்றுபோனது. பிரமோத் நல்லவனும் இல்லை, கெட்டவனும் இல்லை, என் சோப்பைக் கேட்காமல் எடுப்பான், குளித்துவிட்டு ஒல்லிக் குரலில் பாடுவான். ரேஷன் இறக்கப் போன பாதையில் மண்ணுக்கு அடியில் குண்டு வைத்திருந்தார்கள், குக்கரில் வைத்தது என்றார்கள் அப்புறம். முந்தின நாளும் அதே பாதையில்தான் நான் போனேன். அதே தடத்தில். என் பூட்ஸ் தடத்துக்கு நாலு விரற்கடை தள்ளி அவன் மிதித்திருக்கிறான். அவன் ரப்பர் செருப்பு இன்னும் என் கட்டிலுக்கு அடியில் ஜோடியாக இருக்கிறது, யாரும் எடுப்பதில்லை, காலையில் இறங்கும்போது என் கால் அதைத் தொடாமல் இறங்கப் பழகியிருக்கிறது. யார் வைத்தது? பாதையோரம் ஆடு மேய்க்கிறவனா? குடம் கழுவினவளா? பார்த்தும் சொல்லாமல் இருந்தவர்கள் எத்தனை பேர்? இந்தப் பத்து நாளாக எனக்கு ஒரு நினைப்பு வருகிறது, ஜெபம் பண்ணும்போதே வருகிறது, யாராவது வர வேண்டும், கல்லுக்கு உள்ளே ஒருத்தன் வர வேண்டும், அவன் என் காவலில் வர வேண்டும். ஆண்டவரே யாரும் வர வேண்டாம் என்று வாய் சொல்கிறது, விரல் வேறு ஜெபம் பண்ணுகிறது.

ஒரு மணி ஆகி இருபது நிமிஷம். பாட்டில்கள் கிணுங்கவில்லை. ஆனாலும் வெளுப்புக்கு நடுவில் ஒரு கறுப்பு அசைகிறது.

"அன்னா," பிஸ்வால் எழுந்து ஓட்டைப் பக்கம் வருகிறான், "உன் மாமியார் வந்துட்டா."

அவள்தான். எனக்கு அவளைத் தெரியும். இந்த ஊரில் இலுப்பை மரத்துக்கெல்லாம் சொந்தக்காரர் உண்டு, ஒருத்தர் மரத்தடியில் இன்னொருத்தர் பொறுக்க மாட்டார்கள், இந்த மரம் அவளுடையது. ஐம்பது வயது இருக்கும், எழுபதும் இருக்கலாம், காய்ந்த கட்டை மாதிரி உடம்பு, முழங்காலுக்கு மேலே வரிந்துகட்டின சேலை. போன வருஷம் எங்கள் ஆட்கள் அவள் வீட்டுக் கோழி நாலைப் பிடித்து வந்துவிட்டார்கள், நானும் தின்றேன், ஒரு கால் கிடைத்தது எனக்கு. மறுநாள் பம்படியில் நான் அவளிடம் பிஸ்கட் பாக்கெட்டை நீட்டினேன், வாங்கினாள், வாங்கி என் பூட்ஸ் மேலே போட்டுவிட்டுப் போனாள், ஏசக்கூட இல்லை. அந்தப் பார்வை இருக்கிறதே, சொறி நாய் குறுக்கே வந்தால் பார்க்கிற பார்வை. அன்று முழுக்க எனக்கு வேலை ஓடவில்லை. இப்போது கூடையை இடுப்பில் வைத்துக்கொண்டு, கல்லைத் தாண்டி, கல் என்று ஒன்று இல்லவே இல்லை என்பது மாதிரித் தாண்டி, மரத்தடிக்கு வந்து உட்கார்ந்து பொறுக்கத் தொடங்கிவிட்டாள். விடியற்காலையில் அல்லவா பூப் பொறுக்குவார்கள், இவள் ஏன் உச்சிவெயிலில் வருகிறாள்? கூடையில் இலை போட்டு மூடியிருக்கிறது. பொறுக்க வருகிறவள் வெறுங்கூடையை ஏன் மூடிக்கொண்டு வருகிறாள்? இலைக்கு அடியில் என்ன? "கூப்பிடு," என்கிறான் பிஸ்வால், அவன் குரலில் ரொட்டி இல்லை, கேலி இல்லை. அவன் துப்பாக்கியும் ஏறிவிட்டது.

"தம்!" என்றேன். சிரிப்பு வரவில்லை. ஒன்று. அவள் தலையைத் தூக்கவில்லை, பொறுக்குகிறாள், ஒரு பூ, ஒரு பூ, இடது கையால் பொறுக்கி வலது கைக்கு மாற்றி, என் சத்தம் அவளுக்குக் காக்கைச் சத்தம். அவளுக்கு இந்தி தெரியாது, அது எனக்குத் தெரியும், துர்க்கா சிங்குக்கும் தெரியும், இந்த ஊரில் யாருக்கும் தெரியாது என்பதும் எல்லாருக்கும் தெரியும், தெரியாத பாஷையில் மூன்று தரம் கூப்பிட்டுவிட்டுச் சுட வேண்டும் என்பதுதான் முறை. நாக்கு பல்லில் பட்டது. "தம்! கோன் ஆத்தா ஹை!" இரண்டு. மண்டை வரைக்கும் வலி. இப்போது பார்த்தாள். பார்த்துவிட்டு எழுந்தாள், எழுந்து இந்தப் பக்கம் நடக்கிறாள், மரத்தைவிட்டு எங்களைப் பார்த்து, கூடை இடுப்பில், ஒரு கை இலைக்குள் போகிறது. ஏன் போகிறது. கையை எடு. எடு கையை. பிரமோத்தின் செருப்பு. குக்கர். நாலு விரற்கடை. இலைக்கு மேலே உருண்டையாக ஏதோ தெரிகிறது, பழுப்பாக, கழுத்து வைத்து, கையில் வருகிறது அது, விரலுக்குக் கீழே விசையின் முதல் அழுத்தம் போய்விட்டது, இனி ஒரு நெல் கனம்தான் மிச்சம், எனக்கு, ஐயோ, எனக்கு அது இனிப்பாக இருக்கிறது, பல்வலிகூடத் தெரியவில்லை, கோழிக்கால் தின்ற வாய், பூட்ஸ் மேலே விழுந்த பிஸ்கட், வா, இன்னும் ஓர் அடி வா, மூன்றாவது தரம் சொல்ல வேண்டும், சொல்லிவிட்டால் அப்புறம் நான் இல்லை, வாயைத் திறக்கிறேன், அனல் காற்று பல்லுக்குள் போய் ஊசியாக இறங்குகிறது, தம் என்கிற சொல் இருந்த இடத்தில் ஒன்றும் இல்லை, வெறும் குழி, அந்தக் குழியிலிருந்து வந்தது இது:

"ஏ! நில்லு! நில்லுங்கேன்லா!"

நின்றாள்.

வைத்த கால் வைத்தபடி நின்றாள். உளறினது என் காதில் விழவே ஒரு மூச்சு நேரம் ஆனது. நான் எங்கள் ஊர்ப் பேச்சில் கத்தியிருக்கிறேன், அவள் நின்றிருக்கிறாள். பயந்து நிற்கவில்லை. புரிந்து நிற்கிறாள். முகத்தில் அந்த நாய்ப் பார்வை இல்லை, சந்தையில் யாரோ பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் திரும்பிப் பார்ப்போமே, அப்படி ஒரு திடுக்கிடல், அதுவும் கொஞ்ச நேரம்தான், உடனே கோபம் வந்துவிட்டது, முன்னைவிடப் பெரிய கோபம், என் பேச்சு தெரிந்துகொண்டா இத்தனை நாள் இப்படி நின்றாய் என்கிற மாதிரி. கையில் இருந்ததைத் தூக்கிக் காட்டினாள். சுரைக்குடுக்கை. காய்ந்த சுரைக்காயைக் குடைந்து செய்கிற குடுக்கை. அதைத் தலைகீழாகக் கவிழ்த்தாள், ஒன்றும் விழவில்லை, உதறினாள், ஒன்றும் விழவில்லை. என்னைப் பார்த்து என்னென்னமோ கத்தினாள், அதில் இரண்டு சொல் என்னிடம் ஒட்டியது. ஏர், என்றாள். இல்லே, என்றாள், இல்லே என்பதைக் கொஞ்சம் மூச்சு விட்டுச் சொன்னாள், ஆனாலும் அது இல்லேதான், என் காதை நான் நம்ப வேண்டும். திரும்பத் திரும்ப அதையே. ஏர் இல்லே, ஏர் இல்லே. உள்ளே ஒன்றும் இல்லை என்கிறாள், குண்டு இல்லை என்கிறாள், சரி, இல்லே விளங்கிவிட்டது, ஏர் எதற்கு? உழுகிற ஏரா? அறுபது மீட்டர் தள்ளி நின்று, இரண்டு துப்பாக்கிக்கு முன்னால், ஒருத்தி தன்னிடம் ஏர் இல்லை என்று ஏன் சொல்ல வேண்டும்? விசையிலிருந்து விரலை எடுக்கிறேன், வர மாட்டேன் என்கிறது, இடது கையால் பிடித்துப் பிரிக்கிறேன். பிஸ்வால் அவளைப் பார்க்கவில்லை. என்னைப் பார்க்கிறான். துப்பாக்கியைத் தாழ்த்தாமல் ஓர் அடி விலகி நின்றுகொண்டான், மோர்ச்சாவுக்குள் விலகுவதற்கு அந்த ஓர் அடிதான் இருக்கிறது.

துர்க்கா சிங் ஓடி வந்தார், சட்டைப் பொத்தான் போடாமல். வானத்தைப் பார்த்து இரண்டு வேட்டு. பாட்டில்களெல்லாம் சேர்ந்து கிணுங்கின. அவள் ஓடவில்லை. கூடையைக் கீழே வைத்து, குடுக்கையை மட்டும் எடுத்துக்கொண்டு, திரும்பி நடந்தாள், கல்லைத் தாண்டும்போதும் அதே மாதிரி, கல் இல்லாதது மாதிரி. பொறுக்கின பூ கூடையில் அப்படியே இருக்கிறது.

"மூணாவது தரம் என்ன சொன்னே?"

"நில்லுன்னு சொன்னேன், சார்."

"அது எந்த பாஷை?"

"என் பாஷை, சார்."

"பொய். அவ நின்னா. நான் கண்ணால பார்த்தேன். உன் பாஷை அவளுக்கு எப்படித் தெரியும்? எத்தனை நாளா பேசிட்டிருக்கே அவகூட? பிரமோத் போற பாதையை யார் சொன்னது?"

பல் துடிக்கிறது. ஒன்று. ஒன்று. இவர் என்ன கேட்கிறார் என்பது மெதுவாகத்தான் உள்ளே இறங்குகிறது. பிஸ்வால், நீ சொல்லேன். பிஸ்வால் தரையைப் பார்க்கிறான்.

"கேக்கிறேன்ல? அந்தப் பேச்சை உனக்கு யாரு கத்துக் கொடுத்தது?"

"எங்கம்மா, சார்."

அறை விழுந்தது இடது கன்னத்தில். பல் இருக்கிற பக்கம். கண்ணுக்குள் வெளுப்பாக எல்லாம் உதிர்ந்தது. கேலி பண்ணுகிறேன் என்று நினைத்துவிட்டார். மணி இரண்டு. மாற்று ஆள் வந்துவிட்டான், வழக்கமாக வருகிறவன் தோளைத் தட்டித்தான் துப்பாக்கி இடத்தை வாங்குவான், இன்றைக்குத் தட்டவில்லை, என் உடம்பில் படாமல் ஒருக்களித்து உள்ளே வந்தான், பிரமோத்தின் செருப்பில் படாமல் நான் கட்டிலை விட்டு இறங்குவேனே, அது மாதிரி.

கிதியோன் சொன்னது இவ்வளவு. அப்புறம் நடந்தது கொஞ்சம்தான், அக்கா. மூன்று நாள் விசாரித்தார்கள், வெள்ளைத் தாளில் எழுதிக் கையெழுத்து வாங்கினார்கள், வேறு முகாமில் சமையல் கட்டுக்கு மாற்றிவிட்டார்கள், முடிவு இன்னும் வரவில்லை. மறுநாளே புது ரம்பம் கொண்டுவந்து அந்த மரத்தை அறுத்துப் போட்டார்களாம். கூடையை யாரும் வந்து எடுக்கவில்லையாம். அவன் சொல்லும்போது நான் மீனைக் கழுவிக்கொண்டே இருந்தேன், கழுவின மீனையே திரும்பக் கழுவியிருக்கிறேன். சுடலியே மக்கா, ஆண்டவருக்கு ஸ்தோத்திரம் என்றேன். அவன் அதற்குச் சந்தோஷப்படவில்லை. கிராம்பைத் துப்பிவிட்டுக் கேட்டான், "ஏர்னா என்னன்னு நினைக்கிய, அம்மா?" உழுகிற ஏர்தானே என்றேன். "நானும் அப்படித்தான் நினைச்சேன். சமையல் கட்டுல அந்த ஊர்ப் பக்கத்துப் பையன் ஒருத்தன் விறகு போட வருவான், அவன்ட்ட கேட்டேன். நில்லுங்கது அவங்க பேச்சுலயும் கிட்டத்தட்ட நில்லுதானாம். அவங்க பேச்சுல ஏர்னா தண்ணியாம்மா. தண்ணி இல்லேன்னு சொல்லியிருக்கா. எனக்கு இடுப்புல முக்கால் பாட்டில் இருந்துச்சு." நான் குழாயை மூடிவிட்டேன்.

டேனிக்குப் பெட்டி கட்டும்போது எண்ணெய், ஊறுகாய் எல்லாம் வைப்பீர்கள், கிராம்பும் கொஞ்சம் வையுங்கள். அதோடு ஒரு துண்டுத் தாளில் ஏர் என்றால் தண்ணீர் என்று எழுதி, அவன் சட்டைப் பையில் போட்டு அனுப்புங்கள், அக்கா.